பட்டனை அமுக்கியவன் நான்

மொரப்பூர் ஸ்டேஷன் ரோட்டில் இருக்கிற பழைய இரும்புக் கடை நான் கட்டியது. அதற்குப் பின்னால் லாரிக்குப் பாடி கட்டும் பட்டறை, அதுவும் நான் கட்டியது. கம்பைநல்லூர் ரோட்டில் ஆயிரம் பேர் உட்காரும் கல்யாண மண்டபம் நான் கட்டியது. அதன் தேக்குக் கதவுகள், மூடிப்போன ஒரு ரைஸ் மில்லில் இருந்து வந்தவை. சாப்பாட்டுக் கூடத்தின் தரை, ஓரம் உடைந்ததென்று பாலிஷ் பட்டறையில் ஒதுக்கிப் போட்ட கிரானைட். தண்ணீர் ஏற்றும் மோட்டார் மூன்று கை மாறி என்னிடம் வந்தது, இன்றைக்கும் ஓடுகிறது. நாலாம் வகுப்பைப் பாதியில் விட்டவன் நான். பேங்கில் உட்காரச் சொல்லவில்லை. பங்காளிகள் சிரித்தார்கள். ஒரு மழையில் பின்சுவர் மொத்தமாகச் சாய்ந்தது. அத்தனைக்கும் நடுவில், புதுச் சாமான் என்று ஒன்றுகூட வாங்காமல் கட்டினேன்.

கடைசியாகக் கட்டியது மணமகள் அறைக்குப் பக்கத்தில், ஏ.சி. போட்ட ஒரு சின்ன அறையில் இருக்கிறது. அதற்கு சர்வர் என்று பெயர். மாவட்டத்தில் பத்தொன்பது மண்டபங்களின் தேதிகள் அதற்குள் இருக்கின்றன. எந்த முகூர்த்தத்துக்கு எந்த மண்டபம் காலி, பெண் வீடு எது, மாப்பிள்ளை வீடு எது, சமையல் யார், மேளம் யார், யார் யாருடைய போன் நம்பர், எல்லாம் அதில் இருக்கிறது. இதையும் நான் கட்டினேன் என்று சொன்னால் என் மருமகள் என்னைப் பார்ப்பாள். எழுதினது, இணைத்தது, ராப்பகலாக உட்கார்ந்தது அவள். எனக்கு அதில் ஒரு பங்கு உண்டு. அந்தப் பங்கு எது என்பதில்தான் இப்போது தகராறு. எங்கள் மண்டப உரிமையாளர் சங்கத்தின் ஆண்டு மலருக்கு நான் முன்னுக்கு வந்த கதையை எழுதித் தரச் சொன்னார்கள். இதுதான் அந்தக் கதை. வேறு கதை என்னிடம் இல்லை.

மருமகள் ஏரியூர்ப் பக்கத்துப் பெண். கம்ப்யூட்டர் படித்து பெங்களூரில் வேலை பார்த்தவள். பிரசவத்துக்கு ஊருக்கு வந்தவள், குழந்தை பிறந்த பிறகு எங்கள் வீட்டிலேயே தங்கினாள். முகூர்த்த மாசங்களில் மண்டபத்து போன் நிற்காமல் அடிப்பதைப் பார்த்துவிட்டு, "தேதி காலியா இல்லையான்னு அவங்களே பாத்துக்கற மாதிரி பண்ணிட்டா என்னாங்க மாமா?" என்றாள். பண்ணினாள். அரூர்க்காரர் ஒருவர் வந்து பார்த்துவிட்டு என் மண்டபத்தையும் சேர்த்துவிடு என்றார். அப்படியே பத்தொன்பது ஆனது.

அத்தனைக்கும் ஒரு பெரிய மெஷின் வேண்டும் என்றாள். ஓசூரில் மூடிப்போன ஒரு கம்பெனியின் தட்டுமுட்டுச் சாமான்களை ஏலம் விட்டார்கள். நான்தான் போனேன். எட்டு மெஷின்கள் வரிசையாக இருந்தன. ஒவ்வொன்றையும் ஓட விடச் சொல்லி, காதை வைத்துக் கேட்டேன். ஏழில் காற்றாடி உராய்ந்தது. எட்டாவது சுத்தமாக ஓடியது. மருமகள் அதைத் திறந்து பார்த்துவிட்டு, "எப்படி மாமா கண்டுபுடிச்சீங்க, இதுதான் இருக்கறதுலயே நல்லது" என்றாள். இதை அவளே பல பேரிடம் சொல்லியிருக்கிறாள். எழுதி வைக்க வேண்டிய விஷயம்.

மெஷின் வந்த பிறகுதான் குழப்பம் ஆரம்பித்தது. மெஷின் மட்டும் போதாதாம். அதைப் பராமரிக்க ஒரு சாப்ட்வேர் வேண்டுமாம். யார் உள்ளே வரலாம், எந்த மண்டபக்காரர் எதைத் திறந்து பார்க்கலாம் என்பதையெல்லாம் ஒரே திரையில் இருந்து ஆளுவதற்கு. பேனல் என்பாள் அதை.

"சரி, வாங்கிப் போட்டுரு."

"வாங்க முடியாதுங்க மாமா. மாசாமாசம் கட்டணும்."

"வாடகையா?"

"அப்படித்தான் வெச்சுக்கங்க."

இந்த இடத்தில் ஒன்றைச் சொல்லிவிட வேண்டும். நான் கடை ஆரம்பித்தது ஒரு வாடகைக் கொட்டகையில். ஒரு நாள் காலையில் போகிறேன், என் தராசு ரோட்டில் இருக்கிறது, இரும்பெல்லாம் சாக்கடை ஓரத்தில் கிடக்கிறது. கொட்டகைக்காரருக்கு வேறு ஆள் கிடைத்துவிட்டது. அன்றைக்கு ரோட்டில் உட்கார்ந்து தராசைத் துடைத்துக்கொண்டே நினைத்தேன், இனி ஆயுசுக்கும் வாடகை இடத்தில் தொழில் பண்ணுவதில்லை என்று. பண்ணவும் இல்லை. என் சொந்த மண்டபத்தில், என் சொந்த மெஷினுக்குள், கண்ணுக்கே தெரியாத ஒரு சாமானுக்கு வாடகையா என்று எனக்கு வயிறு எரிந்தது.

தர்மபுரி பஸ் ஸ்டாண்டு பக்கம் கம்ப்யூட்டர் ரிப்பேர் கடை வைத்திருக்கிற ஒருவர் எனக்குப் பழக்கம். உடைந்த மானிட்டர்களை எனக்குத்தான் எடைக்குப் போடுவார். அவரிடம் சொன்னேன். சிரித்தார். "அதுக்குப் போயி ஏங்க காசு? கிராக் பண்ணதே இருக்குதுங்க. போட்டா ஆயுசுக்கும் ஓடும்" என்று ஒரு பென் டிரைவைக் கொடுத்தார். கையில் வாங்கிப் பார்த்தேன். கட்டை விரல் அளவுதான். இதைக் காதில் வைத்துக் கேட்க முடியாது என்பது அப்போதே எனக்குத் தோன்றியது. தோன்றியதை நான் மதிக்கவில்லை.

மருமகள் அதைக் கையால் தொடவில்லை.

"மாமா, இது திருட்டு."

"யார் வூட்டுல என்னா காணாமப் போச்சு?"

"காணாமப் போவாதுங்க. காப்பி எடுத்து, பூட்டை ஒடச்சு வெச்சிருக்காங்க."

"அவனுது அவன்கிட்டயே இருக்குது. அப்புறம் எப்படித் திருட்டு ஆவும்?"

அவள் யோசித்தாள். அந்தக் கேள்விக்கு அவளிடம் சட்டென்று பதில் இல்லை என்று எனக்குப் பெருமையாக இருந்தது. இன்றைக்கும் அந்தக் கேள்விக்கு எனக்கு முழுசாகப் பதில் தெரியாது, அது வேறு.

"அதை வுடுங்க மாமா. ஒடச்சவன் சும்மாவா குடுப்பான்? அவன் உள்ள என்னாத்த வெச்சு அனுப்பியிருக்கான்னு எனக்குத் தெரியாது. வைரஸ் பாக்கற சாப்ட்வேரை நிறுத்தினாத்தான் இது ஏறும்னு எழுதியிருக்குது, பாருங்க. வாட்ச்மேனை வூட்டுக்கு அனுப்பிட்டு வான்னு ஒருத்தன் சொன்னா நீங்க அனுப்புவீங்களா?"

"எட்டு மெஷின்ல நல்லதைப் பொறுக்கினவன் நான். எனக்கு ஒரு சாமான் எப்படின்னு தெரியாதா?"

இதை நான் சொன்னது உண்மை. கூடத்தில் நின்று, சமையல்காரர்கள் காதில் விழும்படி சொன்னேன். அதற்கு மேல் அவள் என்ன சொன்னாலும் நான் பின்வாங்க முடியாத இடத்துக்கு என்னை நானே கொண்டுபோய் நிறுத்திக்கொண்டேன்.

"அப்ப நீங்களே அமுக்குங்க மாமா. என் கையால அமுக்க மாட்டேன்" என்றாள்.

எங்கள் வீட்டில் ஒரு வழக்கம் உண்டு. எந்த மெஷின் வந்தாலும் எலுமிச்சம்பழம் வைத்து, கற்பூரம் காட்டி, முதல் சுவிட்சை நான் போடுவேன். வெல்டிங் மெஷினுக்கும் நான்தான், மாவு அரைக்கும் கிரைண்டருக்கும் நான்தான். அதனால் அவள் சொன்னதை நான் மறுப்பாகவே எடுத்துக்கொள்ளவில்லை, மரியாதை என்று எடுத்துக்கொண்டேன். சர்வருக்குச் சந்தனம், குங்குமம், ஒரு முழம் சாமந்தி. கல்யாண போட்டோகிராபர் அன்றைக்கு மண்டபத்தில் இருந்தார், அவரையும் கூப்பிட்டேன். "இன்ஸ்டால்" என்று நீலமாக ஒரு கட்டம் வந்தது. மருமகள் எதை அமுக்க வேண்டும் என்று விரலால் காட்டினாள், காட்டிவிட்டுக் கையைப் பின்னால் கட்டிக்கொண்டாள். நான் அமுக்கினேன். பளிச்சென்று வெளிச்சம் அடித்தது. அந்த போட்டோவைச் சட்டம் போட்டு ஆபீஸ் அறையில் மாட்டினேன். வருகிறவர்களுக்கெல்லாம் காட்டினேன்.

ஒரு வருஷத்துக்கு மேல் ஒரு சிக்கலும் இல்லாமல் ஓடியது. "பாத்தியா கண்ணு" என்று நான் மாசத்துக்கு ஒரு தரம் சொல்வேன். அவள் "ம்" என்பாள்.

போன ஐப்பசியில், கம்பைநல்லூர்ப் பக்கத்து விவசாயி ஒருவர் மண்டபத்துக்கு நேராக வந்தார். அடுத்த மாசம் அவர் பெண்ணுக்கு எங்கள் மண்டபத்தில் கல்யாணம். செருப்பைக்கூட விடாமல் ஆபீஸுக்குள் வந்துவிட்டார்.

"எங்களைக் கேக்காம தேதியை எதுக்குங்க கேன்சல் பண்ணீங்க?"

"யார் பண்ணது?"

"மாப்ள வூட்டுக்கு உங்க மண்டபத்துல இருந்து போன் வந்திருக்குது. பொண்ணு வூட்டுக்காரங்க வேண்டாம்னுட்டாங்க, நீங்க வேணும்னா போனுக்கு வர்ற ஓ.டி.பி. நம்பரைச் சொல்லி மறுபடி பதிஞ்சுக்கங்கன்னு. அவங்க கோவத்துல இருக்காங்க. நாங்கதான் பின்வாங்கிட்டோம்னு ஊர் பூரா பேச்சு."

நாங்கள் யாரும் போன் பண்ணவில்லை. அந்த நம்பரைக் கேட்டது பேங்கில் இருந்து பணத்தை உருவத்தான் என்றாள் மருமகள். ஆனால் பேசினவனுக்கு முகூர்த்த நேரம் தெரிந்திருக்கிறது, சமையல்காரர் பெயர் தெரிந்திருக்கிறது, பெண்ணின் சித்தப்பா பெயரில் முன்பதிவு ஆனது வரைக்கும் தெரிந்திருக்கிறது. நானும் மருமகளும் மாப்பிள்ளை வீட்டுக்குப் போய், ரெண்டு மணி நேரம் உட்கார்ந்து, கல்யாணம் அதே தேதியில்தான் என்று சமாதானம் சொல்லிவிட்டு வந்தோம். வந்தால், அரூரில் இருந்து அதே மாதிரி புகார். மறுநாள் பென்னாகரத்தில் இருந்து. அந்த வாரத்தில் ஆறு மண்டபங்கள்.

சங்கத்தில் பேச்சு ஆரம்பித்தது. யாரும் என்னிடம் நேராகச் சொல்லவில்லை. டீக்கடையில் நான் போனால் பேச்சை மாற்றினார்கள். கடைசியில் சங்கத் தலைவரே போன் பண்ணினார். என்னைவிட நாலு வயசு சின்னவர், அண்ணா என்பார்.

"அண்ணா, தப்பா எடுத்துக்காதீங்க. எல்லா நம்பரும் ஒரே ஆள் கையிலதான் இருக்குது. அந்தப் பொண்ணு பெங்களூர்ல இருந்தது. யாருக்காவது லிஸ்டை வித்திருக்கும்னு பேசிக்கறாங்க."

"என் மருமவளையா சொல்றீங்க?"

"நான் சொல்லலீங்ணா. பேசிக்கறாங்க. வர்ற கூட்டத்துல முடிவு பண்ணிடலாம்."

முடிவு என்றால் என்ன என்பது எனக்குத் தெரியும். அவளை நீக்கிவிட்டு, இன்னார் இனி எங்களுக்குச் சம்பந்தம் இல்லை என்று எல்லா மண்டப வாசலிலும் ஒட்டுவார்கள். இந்த மாவட்டத்தில் அதற்குப் பிறகு அவளிடம் யாரும் ஒரு துண்டுச் சீட்டைக்கூட நம்பிக் கொடுக்க மாட்டார்கள். அவளும் குழந்தையை வைத்துக்கொண்டு இதே ஊரில்தான் நடமாட வேண்டும்.

எழுதக் கூடாத ஒன்றை இங்கே எழுதுகிறேன். அரை நாள் நானும் சந்தேகப்பட்டேன். மெஷின் பூட்டின அறையில் இருக்கிறது. சாவி என் இடுப்பில் இருக்கிறது. அறையில் இருந்து ஒரு துரும்பு வெளியே போகவில்லை. அப்படியென்றால் பெயர்கள் எந்த வழியாகப் போயின? மத்தியானம் சாப்பிட உட்கார்ந்தபோது கேட்டுவிட்டேன்.

"நீ யாருக்காச்சும் எதுனா குடுத்தியா கண்ணு?"

அவள் ரசம் ஊற்றிக்கொண்டிருந்தாள். கரண்டி நின்றது. மறுபடி ஊற்றினாள். "சாப்பிட்டுட்டு வாங்க மாமா, ஒண்ணு காட்டறேன்" என்றாள்.

சர்வர் அறையில் பேனலைத் திறந்து ஒரு பட்டியலைக் காட்டினாள். உள்ளே வர அனுமதி உள்ளவர்களின் பெயர்கள். மொத்தம் இருபத்தொன்று. எனக்கு இங்கிலீஷ் வாசிக்க வராது, எண்ணத் தெரியும்.

"மண்டபக்காரங்க பத்தொம்போது. நான் ஒண்ணு. இது யாருங்க மாமா?"

"எனக்கு என்னா தெரியும்?"

"எனக்கும் தெரியாது. நான் போடலை. பேனலே வெச்சுக்கற பேருன்னு இத்தனை நாள் நெனச்சிருந்தேன். ரெண்டு நாளா அழிக்கறேன். மறுபடி வருது."

என் கண் முன்னால் அழித்தாள். இருபது ஆனது. மெஷினை நிறுத்தி மறுபடி போட்டாள். இருபத்தொன்று. அதே பெயர், அதே இடத்தில், ஒன்றுமே நடக்காத மாதிரி உட்கார்ந்திருந்தது. இன்னொரு தரம் அழிக்கச் சொன்னேன். மறுபடி வந்தது. நான் அந்தத் திரையையே பார்த்துக்கொண்டிருந்தேன். என் மண்டபத்துக்குள் ஒரு வருஷமாக ஒருத்தன் உட்கார்ந்து பந்தியில் சாப்பிட்டுக்கொண்டிருக்கிறான், எனக்கு முகம் தெரியவில்லை.

"இது எப்ப வந்துச்சு?"

"நீங்க அமுக்கின அன்னிக்கே" என்றாள்.

பழைய பீரோ ஒன்று கடைக்கு வந்தால் நான் முதலில் செய்வது பூட்டை மாற்றுவது. விற்றவன் ஒரு சாவியைக் கொடுத்துவிட்டு இன்னொன்றை வைத்திருப்பான் என்பது எனக்குத் தெரியும். வாங்க வருகிறவர்களுக்கு இதை நாற்பது வருஷமாகச் சொல்லி வந்திருக்கிறேன். அப்படிப்பட்டவன், பூட்டு உடைத்த சாமான் என்று தெரிந்தே வாங்கி, அதற்குச் சாமந்திப்பூ வைத்து, பத்தொன்பது மண்டபத்துக்கும் பூட்டாகப் போட்டிருக்கிறேன். இப்படிச் சொன்னால் எனக்குப் புரிந்துவிட்டது போலத் தெரியும். முழுசாகப் புரியவில்லை. பீரோவைத் திறக்க ஒருத்தன் வீட்டுக்குள் வர வேண்டும். இவன் வரவே இல்லையே. எங்கிருந்து திறந்தான் என்று கேட்டால், எங்கிருந்தும் திறக்கலாம் என்கிறாள். எங்கிருந்தும் என்றால் எந்த ஊர்?

தர்மபுரிக்குப் பஸ் ஏறினேன். ரிப்பேர் கடைக்காரரைச் சட்டையைப் பிடித்துக் கேட்பது என்றுதான் போனேன்.

"என்னாத்தய்யா குடுத்த எனக்கு?"

"நல்லாத்தானேங்க ஓடுச்சு?"

"உனக்கு யாரு குடுத்தது?"

"நெட்டுல இருந்துதுங்க. ஒரு குரூப்புல போட்டிருந்தான்."

"எவன்?"

"அதெல்லாம் தெரியாதுங்க. பேரே இருக்காது."

என் தொழிலில் ஒரு பழைய மோட்டார் வந்தால், அது எந்தக் கிணற்றில் இருந்தது, யார் விற்றார், ஏன் விற்றார் என்று மூன்று கை பின்னால் போய்ச் சொல்லிவிடுவேன். இந்தச் சாமானுக்குப் பின்னால் போனால் ஒரு கையும் இல்லை. மருமகள் ஒரு தாளில் அந்த இருபத்தொன்றாவது பெயரை எழுதிக் கொடுத்திருந்தாள். அவர் கடை மெஷினிலும் அதே பேனல்தான் ஓடுகிறது என்றார். திறந்து காட்டச் சொல்லி, தாளைத் திரைக்குப் பக்கத்தில் பிடித்து, எழுத்து எழுத்தாக ஒப்பிட்டேன். அவர் மெஷினிலும் அந்தப் பெயர் இருந்தது. நான் சட்டையைப் பிடிக்கவில்லை. "தண்ணி குடிக்கறீங்களாங்க?" என்று அவரே கேட்டார். ரெண்டு பேரும் தண்ணீர் குடித்தோம்.

மருமகள் மெஷினுக்கு வரும் நெட் ஒயரைப் பிடுங்கினாள். உள்ளே இருந்ததை மொத்தமாகத் துடைத்துவிட்டு, வாடகைப் பேனலை முறையாக வாங்கிப் போட்டு, அந்தந்த மண்டபத்து நோட்டுப் புத்தகங்களைப் பார்த்துத் தேதிகளை ஒவ்வொன்றாக ஏற்றினாள். வாடகைக்கு நான் சரி என்றேன். இந்தத் தடவை கற்பூரம் இல்லை. அவளே அமுக்கினாள். அந்த விவசாயியின் பெண் கல்யாணம் குறித்த தேதியில் நடந்தது. மாப்பிள்ளை வீட்டுக்காரர் மட்டும் கடைசி வரைக்கும் என்னிடம் பேசவில்லை.

சங்கக் கூட்டம் என் மண்டபத்திலேயே நடந்தது. ஆபீஸ் சுவரில் இருந்து சட்டம் போட்ட போட்டோவைக் கழற்றிக்கொண்டு போனேன். மேசை மேல் வைத்தேன்.

"பாருங்க. இதுல நிக்கறது யாரு?"

"நீங்கதாங்ணா."

"வேண்டாம்னு அவ சொன்னா. திருட்டுச் சாமானைக் கொண்டாந்தவன் நான். அமுக்கினவன் நான். அவ கை பின்னால இருக்குது பாருங்க."

போட்டோ கை மாறிப் போனது. ஒருத்தர் சர்வருக்கு மாலை போட்டிருப்பதைப் பார்த்துச் சிரித்தார். தலைவர் எழுந்து வந்து என் தோளில் கை வைத்தார்.

"அண்ணா, மருமவளைக் காப்பாத்தணும்னு பாக்கறீங்க. பெரிய மனசு. ஆனா உங்களுக்கு என்னாங்க தெரியும்? அந்தப் பொண்ணு அமுக்கச் சொல்லியிருக்கும், நீங்க அமுக்கியிருப்பீங்க."

"அவ சொல்லலை. நான் சொன்னது."

"சரிங்ணா, சரிங்ணா. லிஸ்டை விக்கலைன்னு ஆயிப்போச்சு. அதோட வுடுங்க."

கூட்டம் கைதட்டியது. எதற்குத் தட்டினார்கள் என்று எனக்கு இன்னும் விளங்கவில்லை. எத்தனையோ முறை நான் செய்யாததையும் நான் செய்தேன் என்று சொல்லியிருக்கிறேன், இவர்கள் நம்பியிருக்கிறார்கள். நான் செய்ததைச் செய்தேன் என்று சொன்ன அன்றைக்கு ஒருத்தரும் நம்பவில்லை. நாலாம் வகுப்புக்காரனுக்கு மண்டபம் கட்டத் தெரியும் என்று ஒத்துக்கொள்கிறவர்கள், இவ்வளவு பெரிய தப்பைச் செய்யவும் தெரியும் என்று ஒத்துக்கொள்ள மறுக்கிறார்கள்.

மருமகளை நீக்கவில்லை. ஆனால் மலருக்கான சங்க அறிக்கையின் நகல் போன வாரம் வந்தது. மருமகள்தான் எனக்கு வாசித்துக் காட்டினாள். "கணினிப் பொறியாளரின் கவனக்குறைவால் ஏற்பட்ட தவறு சரிசெய்யப்பட்டது" என்று ஒரு வரி. அந்த வரியையும் மற்ற வரிகளைப் போலவே, குரல் மாறாமல் வாசித்தாள். பிறகு குழந்தை அழுகிறதென்று எழுந்து போனாள். குழந்தை அழவில்லை.

ஆகவே சங்கத்துக்குச் சொல்லிக்கொள்கிறேன். அந்த வரியை எடுத்துவிடுங்கள். வேண்டாம் என்று பொறியாளர் சொன்னார், மண்டபக்காரர் கேட்கவில்லை, பூட்டு உடைத்த சாப்ட்வேரைக் கொண்டுவந்து தன் கையால் போட்டார், அந்த வழியாகத்தான் பெயர்கள் வெளியே போயின, பிறகு கண்டுபிடித்துச் சரிசெய்தது பொறியாளர் என்று போடுங்கள். இந்தக் கட்டுரையோடு அந்த போட்டோவையும் அனுப்பியிருக்கிறேன். சின்னதாகப் போட்டுவிடாதீர்கள். அரைப் பக்கமாவது வர வேண்டும், அவள் கையைப் பின்னால் கட்டியிருப்பது தெரிய வேண்டும். அடியில், பட்டனை அமுக்குகிறவர் என்று போட்டு, என் பங்கை என் பெயரில் எழுதுங்கள்.